சபையில் விழுந்தவர் எழுந்து நிற்கும் வரை

தம்பி,

நேற்று சாயங்காலம் கம்பத்திலிருந்து நீ போன் பண்ணினாய். "ஞாயித்துக்கெழம மீட்டிங் போட்டுட்டேம்மா. மாமாவக் கிளப்ப விட்டுத் தூக்குறோம். அப்பாவுக்கு என்ன செஞ்சாகளோ அதையே அவுகளுக்குச் செய்யப் போறேன்" என்றாய். நான் சாப்பிட்டாயா என்று மட்டும் கேட்டுவிட்டு வைத்துவிட்டேன். வாயால் சொல்ல ஆரம்பித்தால் நீ பாதியிலேயே "சரிம்மா, சரிம்மா" என்று சொல்லிவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விடுவாய். அதனால் எழுதுகிறேன். நான் இதுவரை எழுதியதெல்லாம் வீடியோவுக்குக் கீழே இரண்டு வரியும் நாலு நெருப்புப் படமும்தான். இவ்வளவு நீளமாக எழுதுவது இதுதான் முதல் தடவை. பிழை இருந்தால் பொறுத்துக்கொள். இது நம் ஊர் வாலிபால் கிளப்புக்காக நான் நடத்துகிற ஆன்லைன் பக்கத்தில் வருவதால் மற்றவர்களும் படிப்பார்கள். அவர்களுக்காக உனக்குத் தெரிந்ததையும் கொஞ்சம் விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கிறது.

பதினெட்டு வயதில் கூடலூரிலிருந்து ஓடைப்பட்டிக்கு வாழ்க்கைப்பட்டு வந்தேன். கல்யாணமாகி ஒரு வாரம்கூட ஆகவில்லை, உன் அப்பா என்னை முதன்முதலில் வெளியே கூட்டிக்கொண்டு போன இடம் சினிமா தியேட்டர் இல்லை, தேவதானப்பட்டிப் பக்கம் சொந்தக்காரர் வீட்டு விருந்தும் இல்லை. கிளப் மைதானம். பட்டுச்சேலையோடு திராட்சைப் பந்தல் ஓரம் ஒரு கல்லில் உட்கார வைத்துவிட்டு அவர் பாட்டுக்கு விளையாடப் போய்விட்டார். எனக்கு முதலில் கோபம்தான் வந்தது. அப்புறம் பார்த்தேன். எல்லோரும் ஓங்கி அடிக்கிறவனுக்குக் கை தட்டினார்கள். என் கண் அடிக்கிறவன் மேல் போகவில்லை, அவனுக்குப் பந்தைத் தூக்கிக் கொடுக்கிறவர் மேல் போனது. உன் அப்பாதான் அது, லிஃப்டர் என்பார்கள். விரல் நுனியில் வாங்கி, சத்தமே இல்லாமல், அடிக்கிறவன் எகிறும்போது அவன் கை எங்கே வருமோ அங்கே பந்தைக் கொண்டுபோய் வைப்பார். ஆடிக் காற்றில் மற்றவர்கள் பந்தெல்லாம் தோட்டத்துக்குப் போகும். இவர் பந்து மட்டும் சொன்ன இடத்தில் நிற்கும். அன்றைக்குப் பிடித்தது இந்தப் பைத்தியம். உன்னை வயிற்றில் வைத்துக்கொண்டே மேட்ச் பார்க்க வந்தவள் நான். பிறகு போன் வந்தது, நானாகவே வீடியோ வெட்டி ஒட்டக் கற்றுக்கொண்டேன், ஸ்லோமோஷன் போடக் கற்றுக்கொண்டேன். பெண்கள் உறுப்பினராக முடியாத ஒரு கிளப்புக்கு இந்தப் பள்ளத்தாக்கு முழுக்க ரசிகர்கள் சேர்ந்தது என் பக்கத்தால்தான் என்று நானே சொல்லிக்கொள்வேன். ரீல்ஸ் அக்கா என்று கூடலூர் ஜீப் ஸ்டாண்டில்கூட என்னைத் தெரியும்.

அப்படிப்பட்ட எனக்கு அந்தக் கடைசிப் பந்து தெரியாது, தம்பி. அதை நீ பலமுறை என்னிடம் கேட்டிருக்கிறாய். மூன்று வருசத்துக்கு முன்னால் நம் ஊர் டோர்னமெண்ட் ஃபைனல். நம் கிளப்பும் கூடலூர் அணியும். தேனியிலிருந்து வர வேண்டிய அம்பயர் வரவில்லை. அம்பயர் படியில் யாராவது ஏறுங்கள் என்றபோது உன் அப்பாவை ஏற்றிவிட்டார்கள். விதி தெரிந்த ஆள், குரல் உயர்த்தாத ஆள் என்று அவரைப் பிடித்துத் தள்ளியதே தலைவர்தான். அவரை உனக்கு மாமா முறை, எனக்கு அண்ணன் முறை. அவர் பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை. கடைசி செட், கடைசிப் பாயிண்ட். நீ எகிறி அடித்தாய். பந்து கோட்டுக்கு வெளியே விழுந்தது. கூடலூர்ப் பையன் தடுக்கக் கை தூக்கியிருந்தான். அவன் விரலில் பட்டு வெளியே போயிருந்தால் பாயிண்ட் நமக்கு, படாமல் போயிருந்தால் அவர்களுக்கு. நீ பட்டது என்று கத்தினாய். உன் அப்பா மேலே இருந்து உன்னைப் பார்த்தார். படவில்லை என்று கை காட்டினார். என் போனில் என்ன இருக்கிறது தெரியுமா? நீ எகிறும் வரை எல்லாம் அழகாக இருக்கிறது. நீ அடித்ததும் நானும் எகிறிவிட்டேன். அதற்குப் பிறகு வானமும் திராட்சைப் பந்தல் கம்பியும்தான் தெரிகிறது.

அவரை நான் அன்றிரவே கேட்டேன். "படல. பட்டிருந்தா எம்மகனுக்குக் குடுக்காம வேற யாருக்குக் குடுக்கப் போறேன்" என்றார். அவ்வளவுதான். அவர் அந்தப் படியில் ஏறியிருக்கவே கூடாது என்பது என் கருத்து, அதை அவரிடமே சொன்னேன். மகன் ஒரு பக்கம் ஆடுகிறான், பெண்டாட்டி ஊர் மறுபக்கம் ஆடுகிறது, நடுவில் போய் உட்காருவார்களா. அவர் யோசித்துப் பார்த்துவிட்டு, ஆமாம், ஏறியது பிசகுதான், ஆனால் சொன்னது பிசகில்லை என்றார். இரண்டையும் அவர் பிரித்துப் பார்த்தார். ஊர் பிரித்துப் பார்க்கவில்லை.

அந்த வாரம் நடந்ததை நீ பாதிதான் பார்த்தாய். நீ அப்பாவிடம் பேசாமல் நண்பன் வீட்டில் போய்ப் படுத்துக்கொண்டாய். அதில் எனக்கு வருத்தமில்லை. தோற்ற பையன் அப்படித்தான் இருப்பான். ஆனால் கிளப் வாட்ஸ்அப் குரூப்பில் அப்பாவைப் பற்றி வாய்ஸ் மெசேஜாக வந்து விழுந்தது. காலையில் டீக்கடையில் கூடலூர் கேப்டனோடு நின்று பேசினார் என்று ஒருவர். எனக்கு ஒன்றுவிட்ட தம்பி அந்த அணியில் இருக்கிறான் என்று இன்னொருவர். அப்படி ஒரு தம்பி எனக்குக் கிடையாது. உரக்கடை வாசலில் யாரோ அடித்த கிண்டல்தான் ஊர் முழுக்கப் பரவியது. "எல்லாரும் மாமனார் வீட்டுலருந்து சீர் வாங்குவாக. இவரு மாமனார் ஊருக்கு டோர்னமெண்டு கப்பையே சீரா அனுப்பிட்டாரு." கேட்டவுடன் எனக்கே சிரிப்பு வந்துவிட்டது. சிரித்த பிறகுதான் புரிந்தது, சிரிக்கிற மாதிரி சொன்னதைத் திருப்பிக் கேள்வி கேட்க முடியாது என்று. டீ குடித்தது குற்றமா, நான் கூடலூரில் பிறந்தது குற்றமா, தப்பாகத் தீர்ப்புச் சொன்னது குற்றமா, எது என்று யாரும் அவரிடம் சொல்லவில்லை. எதற்குப் பதில் சொல்வது என்று தெரியாமல் ஒரு மனுசன் வாரம் முழுக்கச் செடிகளுக்கு மருந்தடித்துக்கொண்டு தோட்டத்திலேயே கிடந்தார்.

அடுத்த ஞாயிறு மீட்டிங் என்று குரூப்பில் வந்தது. "மீட்டிங். எல்லாரும் வரவும்." வேறு ஒரு வார்த்தை இல்லை. ஃபைனலில் வலைக்கயிறு அறுந்திருந்தது, அதைப் பற்றித்தான் இருக்கும் என்று அவர் நினைத்தார். சர்ச்சில் பூசை முடிந்து வந்ததும் சின்னமனூரிலிருந்து வாங்கி வைத்திருந்த நைலான் கயிற்றைச் சுற்றித் தோளில் போட்டுக்கொண்டு போனார். கிளப் ரூமில் எல்லோரும் தரையில் உட்கார்ந்திருக்க, தலைவர் மட்டும் நாற்காலியில் இருந்தார். குற்றம் சொன்னதும் அவர், கேள்வி கேட்டதும் அவர், தீர்ப்புச் சொல்லப் போகிறதும் அவர். "என்ன மாப்ள, சபையில சொல்லுங்க" என்றார்.

உன் அப்பா எப்படிப்பட்டவர் என்று உனக்குத் தெரியும். சபை என்று ஒரு வார்த்தை காதில் விழுந்தால் போதும். கோயில் கூட்டமோ சர்ச் கூட்டமோ தண்ணீர் முறைக் கூட்டமோ, நாலு பேர் கூடி உட்கார்ந்த இடத்தில் பேச எழுந்தால் முதலில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்து சபையைக் கும்பிட வேண்டும், எழுந்த பிறகுதான் வாயைத் திறக்க வேண்டும். அப்படித்தான் அவர் வளர்ந்தார். கோர்ட்டில் வக்கீல் எழுந்து தலை குனிகிற மாதிரிதான் அது. நான் இப்போது பேசப்போகிறேன், எல்லோரும் கேளுங்கள் என்று அர்த்தம். கயிற்றைக் கழற்றிக் கீழே வைத்துவிட்டு விழுந்தார். அவர் நெற்றி தரையில் இருக்கும்போதே தலைவர் எழுந்துவிட்டார். "எந்திரிங்க மாப்ள, எந்திரிங்க. விழுந்துட்டாக. தப்ப ஒத்துக்கிட்டு விழுந்தவரப் போட்டு இன்னும் என்னத்தக் கேக்குறது. கிளப்புலருந்து நீக்கியாச்சு. அம்புட்டுத்தான், எல்லாரும் எந்திரிங்க." சிலர் முதுகில் தட்டிக்கொடுத்தார்களாம், ஒத்துக்கொண்டதற்கு. அவர் சட்டையில் ஒட்டிய மண்ணைத் தட்டிவிட்டு நிமிர்ந்தபோது பாதிப்பேர் வாசலில் செருப்புத் தேடிக்கொண்டிருந்தார்கள்.

வீட்டுக்கு வந்து என்னிடம் அவர் சொன்னது ஒரே வாக்கியம். "பேசத்தான் விழுந்தேன். எந்திரிக்கயில கூட்டம் முடிஞ்சிருச்சு."

அவர் வீடு வந்து சேர்வதற்குள் குரூப்பிலிருந்தும் எடுத்துவிட்டிருந்தார்கள். நீக்கப்பட்டவர் போனிலிருந்து குரூப் போய்விடாது என்பது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. அது அப்படியே இருக்கும். பழைய போட்டோ, பழைய பேச்சு, பிறந்தநாள் வாழ்த்து எல்லாம் இருக்கும். எழுதுகிற இடத்தில் மட்டும், இனி இந்தக் குழுவில் உங்களால் எழுத முடியாது என்று இருக்கும். அவர் அதை அழிக்கவில்லை. சாயங்காலம் மைதானத்தில் விசில் கேட்கும் நேரத்துக்குச் சில நாள் அதைத் திறந்து மேலும் கீழும் தள்ளிக்கொண்டிருப்பார். தோட்டத்துக்கு மைதானத்தைத் தாண்டித்தான் குறுக்குப்பாதை. அதற்குப் பிறகு அவர் சுற்றுப்பாதையில்தான் போனார். கேட்டால், வண்டிக்கு அந்த ரோடு நல்ல ரோடு என்பார்.

நான் சும்மா இருக்கவில்லை. உன் அம்மாவைப் பற்றித்தான் உனக்குத் தெரியுமே. எதையாவது தலையில் ஏற்றிக்கொண்டால் தூக்கம் வராது. ஒரு கிளப் ஓர் ஆளை இப்படி நீக்கலாமா என்று போனில் தேட ஆரம்பித்தேன். வக்கீல்கள் போட்ட வீடியோ ஒன்று விடாமல் பார்த்தேன். இங்கிலீஷில் இருந்த தீர்ப்புகளைத் தமிழாக்கிக் காட்டச் சொல்லி, அது காட்டுகிற கோணல் தமிழில் படித்தேன். இயற்கை நீதி என்று ஒரு வார்த்தை இருப்பது அப்படித்தான் தெரிந்தது. மழை, வெயில் மாதிரி அதுவும் இயற்கை என்று யாரோ பெயர் வைத்திருக்கிறார்கள். எனக்கு அது ரொம்பப் பிடித்துப்போய்விட்டது. உத்தமபாளையத்தில் ஒரு வக்கீலம்மாவையும் போய்ப் பார்த்தேன். கிளப் என்பது தனிப்பட்ட ஆட்கள் சேர்ந்து நடத்துவது, யாரைச் சேர்ப்பது யாரை விடுவது என்பதில் கோர்ட் சாதாரணமாகத் தலையிடாது என்றார். ஆனால் சேர்த்துக்கொண்ட ஓர் ஆளை வெளியே அனுப்பும்போது சிலதைப் பார்க்கும். கிளப் தன்னுடைய விதிப்படி நடந்ததா, உன்மேல் இதுதான் குற்றம் என்று முன்கூட்டியே சொன்னார்களா, பதில் யோசிக்க நேரம் கொடுத்தார்களா, பேச விட்டார்களா, குற்றம் சொன்னவரே நீதிபதியாக உட்கார்ந்தாரா, மனதில் வேறு கணக்கு வைத்துக்கொண்டு செய்தார்களா. வக்கீலம்மா சொல்லச் சொல்ல எனக்கு ஃபைனல் மேட்ச் பார்க்கிற மாதிரி படபடவென்று வந்தது. எல்லாப் பாயிண்டும் நமக்குத்தான் என்று தோன்றியது.

பஸ்ஸில் வரும்போதே கேஸை ஜெயித்த மாதிரி வந்தேன். உன் அப்பா சாப்பிட்டுக்கொண்டே கேட்டார். கேட்டுவிட்டுக் கை கழுவப் போனார். கழுவிக்கொண்டே சொன்னார். "கேஸு போட்டு ஜெயிச்சு உள்ள போயிரலாம். அங்கன நான் தூக்கிக் குடுக்கிற பந்த அடிக்க யாரு வருவா?"

அதனால்தான் சொல்கிறேன், தம்பி, இந்த விசயத்தில் தப்பு நடந்த பிறகு சரி செய்ய வழி ரொம்பக் குறைவு. கோர்ட் ஒரு கதவைத் திறந்துவிடலாம். உள்ளே இருக்கிறவர்களைத் திரும்பிப் பார்க்க வைக்க முடியாது. நீக்குவதற்கு முன்னால் ஒரு தடவை உட்கார வைத்துக் கேட்டிருந்தால், கேட்ட பிறகும் நீக்கியிருந்தால்கூட, அவர் மைதானத்து ஓரமாக நின்று மேட்ச் பார்த்திருப்பார். கோபப்பட்டிருப்பார், சண்டை போட்டிருப்பார், ஆனால் அந்தச் சுற்றுப்பாதையில் போயிருக்க மாட்டார். தோற்றதை அவர் தாங்குவார். விளையாட்டுக்காரர். ஒத்துக்கொள்ளாத ஒன்றை ஒத்துக்கொண்டதாகச் சொன்னதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை.

போன தை மாதம் அவர் போனார். அதை இங்கே விரிவாக எழுத எனக்குத் தெம்பில்லை. நீ எல்லாம் கூடவே இருந்து பார்த்தாய். நீ பார்க்காத ஒன்றை மட்டும் சொல்கிறேன். நீ கல்லறை வேலையைப் பார்க்கப் போயிருந்தபோது கிளப் ஆட்கள் வந்தார்கள். தலைவர் பெரிய மாலையோடு வந்தார். சும்மா சொல்லக்கூடாது, உண்மையாகவே அழுதார். அப்புறம் என்னிடம் வந்து, கிளப் ஜெர்சி ஒன்றை மேலே போர்த்தலாமா தங்கச்சி என்று கேட்டார். நான் வேண்டாம் என்றேன். "எல்லாத்தையும் மன்னிச்சு விட்டாச்சும்மா, இனிமே என்ன" என்றார். அவர் சொன்னது யார் யாரை மன்னித்தது என்று எனக்கு அப்போது உறைக்கவில்லை. மறுநாள் பாத்திரம் கழுவும்போதுதான் உறைத்தது. அவர்கள் உன் அப்பாவை மன்னித்திருக்கிறார்கள்.

இதெல்லாம் உன் மனதில் எப்படிக் கிடக்கிறது என்று எனக்குத் தெரியாமல் இல்லை. இரண்டு மாதம் முன்பு நீ செயலாளராக ஜெயித்தபோது கேக் வெட்டி, ரீல்ஸ் போட்டு, ஊரையே அலற வைத்தவள் நான். போன வாரம் கூடலூர் மேட்ச் கெட்டுப்போனபோது எனக்கும் ரத்தம் கொதித்தது. ஜெர்சியும் ஐடி கார்டும் உள்ளே இருக்கின்றன, கிளப் ரூம் பூட்டிக் கிடக்கிறது, சாவி பழைய தலைவரிடம் இருக்கிறது, அவர் போன் ஆஃப். வேனை வைத்துக்கொண்டு வாசலில் நின்றீர்கள். அங்கே ஆட்டமில்லாமலே எதிரணி ஜெயித்தது என்று அறிவித்துவிட்டார்கள். தேர்தலில் தோற்ற ஆத்திரத்தில் வேண்டுமென்றே பூட்டிவிட்டுப் போனார் என்று நீங்கள் சொல்கிறீர்கள். இருக்கலாம். அவரை விட்டுவிட்டுத் தனியாக ஒரு குரூப் ஆரம்பித்து, "ஏலே, மாமாவ எப்பத் தூக்குறது" என்று பேசிக்கொள்கிறீர்கள். நேற்று நீ போனில் சொன்ன பிறகு நான் என்ன செய்தேன் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். ஞாயிற்றுக்கிழமைக்கு ஒரு வீடியோ தயார் பண்ணினேன். உன் அப்பா பந்து தூக்குகிற பழைய காட்சி, அப்புறம் நீ நாற்காலியில் உட்கார்ந்திருக்கிற போட்டோ, கீழே ஒரு வசனம். பார்த்துப் பார்த்துச் சந்தோசப்பட்டேன். எனக்குப் பழைய தலைவர் கிளப்பை விட்டு வெளியே போக வேண்டும், தம்பி. அதில் எனக்கும் உனக்கும் வித்தியாசமில்லை.

இன்று காலையில் சின்னமனூர் போகப் பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருந்தேன். பழைய தலைவர் வண்டியில் வந்தவர் என்னைப் பார்த்து நிறுத்தினார். முன்னால் உர மூட்டை இருந்தது. போனை எடுத்துக் கண்ணுக்குத் தூரமாக வைத்துப் படித்தார்.

"தங்கச்சி, ஞாயித்துக்கெழம மீட்டிங்னு போட்டிருக்கு. என்ன விசயம்னு தம்பி எதுவும் சொன்னானா?"

"தெரியலண்ணே."

"முன்னாள் தலைவருக்குச் சால்வ கில்வ போடுறதா இருந்தா முன்னாடியே சொல்லச் சொல்லு. நல்ல சட்டை போட்டுட்டு வரணுமில்ல" என்று சிரித்தார். சிரித்துவிட்டு, நான் சிரிக்காததைப் பார்த்து, போனைச் சட்டைப்பையில் வைத்தார். "வேற ஏதும் இல்லையே ஆத்தா?" என்று கேட்டார். இல்லை என்று தலையாட்டினேன். போய்விட்டார்.

பஸ் வந்தது, நான் ஏறவில்லை. அவர் கையில் இருந்த போனில் என்ன எழுதியிருந்தது என்று நீ சொல்லித்தான் எனக்குத் தெரிய வேண்டுமா. "மீட்டிங். எல்லாரும் வரவும்." அப்பாவுக்கு அவர்கள் செய்ததையே செய்வேன் என்றாய் நீ. ஒரு வார்த்தை மாறாமல் செய்துவிட்டாய். வீட்டுக்குத் திரும்பி வந்து உட்கார்ந்தேன். அவர் மேல் எனக்கு இரக்கம் வந்துவிட்டது என்று நினைக்காதே. வரவில்லை. எனக்கு வந்தது வேறு. அந்த நாற்காலியில் அவர் உட்கார்ந்திருந்ததைப் போலவே நீ உட்கார்ந்திருக்கிற காட்சி கண்ணுக்கு முன்னால் வந்தது. உன்னை அப்படிப் பார்க்க எனக்குப் பிடிக்கவில்லை. அந்த வீடியோவை அழித்துவிட்டேன்.

நீ என்ன சொல்வாய் என்று எனக்குத் தெரியும். கிளப் விதிகள் எழுதிய பைலாவில் அப்படி எதுவும் இல்லையே என்பாய். போன மாதமே எனக்குப் படித்துக் காட்டினாய், ஒழுங்கீனமாக நடப்பவரைக் கமிட்டி நீக்கலாம் என்று ஒரே ஒரு வரிதான் இருக்கிறது, கேட்க வேண்டும் என்று எங்கேயும் இல்லை என்று. விதியில் எழுதியிருக்காவிட்டால் என்ன என்று அன்றைக்கே நான் வக்கீலம்மாவிடம் கேட்டிருந்தேன். எழுதியிருக்காவிட்டாலும் ஒருவரைக் கேட்காமல் அவருக்குத் தண்டனை கொடுக்கக் கூடாது என்றுதான் பெரும்பாலும் பார்ப்பார்கள் என்றார். ஆனால் நீ கோர்ட்டுக்குப் பயந்து கேட்க வேண்டாம். பூட்டினது அவர்தானா என்று உனக்கே நிச்சயமாகத் தெரியுமா. சாவி அவரிடம் இருந்தது தெரியும். மேட்ச் அன்றைக்குத்தான் என்று அவருக்கு யாராவது சொன்னீர்களா. உங்கள் புதுக் குரூப்பில்தான் அவர் இல்லையே. அவரிடம் ஒரு பதில் இருக்கலாம். ஒன்றும் இல்லாமல் வெறும் வீம்பாகவும் இருக்கலாம். அது என்ன என்பது அவர் வாயிலிருந்து வர வேண்டும். உன் அப்பாவின் பதிலை யாரோ அவருக்காகச் சொல்லிவிட்டார்கள். அதுதான் நமக்கு நடந்தது.

அதனால் ஞாயிற்றுக்கிழமையைத் தள்ளிப் போடு. இன்ன நாளில், இன்ன மேட்சுக்கு, ரூமைப் பூட்டிச் சாவி கொடுக்காமல் போனதாக உங்கள் மேல் புகார், இதற்கு உங்கள் பதில் என்ன என்று ஒரு காகிதத்தில் எழுதிக் கொடு. அவர் யோசிக்க, வேண்டுமானால் யாரையாவது கூட்டிவர, அவகாசம் கொடு. நீ அந்த நாற்காலியில் உட்காராதே. நீ அன்றைக்கு வேனோடு ரூம் வாசலில் நின்றவன், அதோடு உன் அப்பாவின் மகன். உன் அப்பா அம்பயர் படியில் ஏறினது பிசகு என்று நான் சொன்னேனே, நீ இதில் ஏறுவது அதைவிடப் பெரிய பிசகு. நம் ஊரில் இந்தக் கிளப்போடு சம்பந்தமில்லாத பெரிய மனுசர் ஒருவரை உட்கார வை. பழைய தலைவர் சபைக்கு நடுவில் வந்து விழுந்து கும்பிட்டால், பையன்களை ஒருவரும் அசையாமல் உட்காரச் சொல். அவர் எழுந்து, வேட்டியைச் சரி பண்ணி, தொண்டையைச் செருமி, சொல்ல வந்ததை முழுக்கச் சொல்லி முடிக்கட்டும். குறுக்கே யாரும் சிரிக்கக் கூடாது. அதற்குப் பிறகு ஓட்டெடுத்து நீக்குங்கள், எதற்காக நீக்கினோம் என்று எழுதியும் கொடுங்கள். நான் சந்தோசமாக வீடியோ போடுகிறேன். நீக்க வேண்டாம் என்று வந்தால், அவர் மைதானத்தில் நிற்கிறபோது நான் முகத்தைத் திருப்பிக்கொள்வேன், அவ்வளவுதான். அது என் பாடு.

இப்படிச் செய்தால் அப்பாவுக்கு நியாயம் கிடைத்துவிடுமா என்று நீ கேட்பாய். கிடைக்காது, தம்பி. அவர் விசயத்தில் இனிமேல் யாரும் கேட்க முடியாது, அவரும் சொல்ல முடியாது. அந்தப் பந்து பட்டதா படவில்லையா என்பது அவரோடு போய்விட்டது. அதை வைத்துக்கொண்டுதான் நீயும் நானும் மிச்ச காலம் இருக்க வேண்டும். அவருக்குக் கிடைக்காததை இன்னொருவருக்குக் கொடுப்பதால் எனக்கு ஆறுதல் வரும் என்றும் நான் சொல்லவில்லை. வராது என்றுதான் நினைக்கிறேன். ஆனாலும் கொடுக்க வேண்டும்.

இதை உனக்கு மட்டும் அனுப்பியிருக்கலாம். நீ படித்துவிட்டு யோசித்திருப்பாய், உன் நண்பர்கள் ஏதாவது சொல்லியிருப்பார்கள், ஞாயிற்றுக்கிழமை வந்திருக்கும். காலையில் அவர் நேருக்கு நேர் கேட்டபோது நான் தெரியாது என்று பொய் சொன்னேன். அவர் இந்தப் பக்கத்தைத் தினமும் பார்க்கிறவர், எனக்குத் தெரியும். அதனால்தான் எல்லோரும் பார்க்கிற இடத்தில் போடுகிறேன். நீ கோபித்துக்கொள்வாய். அன்றைக்கு மாதிரி நண்பன் வீட்டில் போய்ப் படுத்துக்கொள்ள இப்போது உனக்கு வயசில்லை, ஆனாலும் கொஞ்சநாள் போன் எடுக்க மாட்டாய். எடுக்காவிட்டால் பரவாயில்லை.

அண்ணே, நீங்கள் படித்துக்கொண்டிருந்தால், ஞாயிற்றுக்கிழமை சால்வை இல்லை. உங்களை நீக்கத்தான் கூட்டம். கூடலூர் மேட்ச் அன்றைக்கு ரூமைப் பூட்டிவிட்டுப் போனது ஏன் என்று கேட்பார்கள். பதில் யோசித்து வைத்துக்கொண்டு வாருங்கள்.